ஏரி நடுவே ஒரு வட்டம்

"வட்டத்தை விட்டவன் உயிரை விட்டான்... அப்புறம் என்னவோ, கீழே..."

கம்பளனுக்கு அவ்வளவுதான் நினைவிருந்தது. மிச்சத்தைக் காற்று அடித்துக்கொண்டு போய்விட்டது.

சொன்னவள் நரைமூக்கி. கஸ்தூரி எருது மந்தையிலேயே வயதில் மூத்த பசு. போன குளிர்காலத்தில், சாவதற்கு இரண்டு நாள் முன்பு, எல்லோரையும் கூப்பிட்டு நிறுத்தி அவள் பேசினாள். அன்றைக்குப் பார்த்து வடக்குக் காற்று ஊளையிட்டது. முன்வரிசையில் நின்றவர்கள் முதல் பாதியைக் கேட்டதுமே "ஆகா! ஆகா!" என்று குளம்பைத் தட்டிக் கொண்டாடிவிட்டார்கள். அந்த ஆரவாரத்தில் பின்பாதி அமுங்கிப்போனது. கடைசி வரிசையில் நின்ற கம்பளன் காதில் விழுந்தது ஒரே ஒரு சொல். கீழே.

கீழே என்ன? யாரைக் கேட்டாலும் தெரியவில்லை.

"முதல் பாதி தெரிகிறதல்லவா? அது போதும்" என்றான் மந்தைத் தலைவன் திமிலன்.

கம்பளனுக்குப் போதவில்லை. மேயும்போதும் யோசித்தான். அசைபோடும்போதும் யோசித்தான். தூக்கத்தில்கூட "கீழே, கீழே" என்று முனகினான். கன்றுகள் அவனுக்குக் 'கீழே மாமா' என்று பெயரே வைத்துவிட்டன.

அவர்கள் வாழ்ந்த இடம் வெகு வடக்கே, தூந்திரா என்கிற பனிவெளி. அங்கே மரம் கிடையாது. ஒரு முழம் தோண்டினால் மண் கல்லாய் உறைந்து கிடக்கும். வேர் எங்கே இறங்கும்? வில்லோச் செடிகூட அங்கே கணுக்கால் உயரத்துக்கு மேல் தலை தூக்காது. காற்றுக்குப் பயந்து தரையோடு தரையாகப் படர்ந்திருக்கும். பள்ளத்தில் கோரைப்புல். பாறை மேல் கல்பாசி. நம் வீட்டு மசாலாவில் கறுப்பாகச் சுருண்டு கிடக்குமே, அதற்கு ஒன்றுவிட்ட உறவு. கோடை ஆறே வாரம். அதற்குள் எல்லாச் செடியும் அரக்கப்பரக்கப் பூத்து, விதைத்து, கடமையை முடித்துக்கொள்ளும். பிறகு பனிதான்.

இந்தப் புல்லையும் பாசியையும் நம்பித்தான் மந்தை பிழைத்தது. பதினான்கு உருப்படி. கணுக்கால்வரை புரளும் சடை, பாறை மாதிரி நெற்றி, கீழே வளைந்து மேலே நிமிர்ந்த கொம்பு.

ஓநாய் வந்தால் கலைமான் ஓடும். முயல் ஓடும். கஸ்தூரி எருது மட்டும் ஓடாது. "ஓடுகிற முதுகு ஓநாய்க்கு விருந்து" என்பார்கள். தலைவன் "வட்டம்!" என்று ஒரு குரல் கொடுப்பான். அந்தக் கணமே எல்லோரும் பின்பக்கத்தை ஒட்டிக்கொண்டு, கொம்பை வெளியே காட்டி, வட்டமாக நிற்பார்கள். கன்றுகள் நடுவே. யாரும் அசையக் கூடாது. யார் எந்த இடத்தில் நிற்பது என்பது பிறந்ததிலிருந்தே பழக்கம். ஓநாய்கள் சுற்றிச் சுற்றி வந்து, நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு திரும்பிப் போகும்.

தலைமுறை தலைமுறையாக இதுதான் காவல்.

அந்த வருடம் ஒரு கூத்து நடந்தது. முதல் பனி விழுந்து நாலு விரற்கடை உயரம் நின்ற பிறகு, குளிர்காலத்தில், மழை பெய்தது! இரண்டு நாள் மழை. மூன்றாம் நாள் குளிர் திரும்பி வந்து பெய்த மழை முழுவதையும் அப்படியே உறைய வைத்தது. வெளி முழுக்கக் கண்ணாடி போர்த்தியது போலாயிற்று. கண்ணாடிக்கு அடியில் கோரைப்புல் தெரிந்தது. வில்லோ தெரிந்தது. குளம்பால் உதைத்தால் 'ணங்' என்றது, உடையவில்லை.

ஐந்தாம் நாள் கம்பளனின் தங்கை சடைச்சி அவனிடம் வந்தாள். "அண்ணே, எனக்குப் பால் வற்றுகிறது."

கம்பளன் அவள் கன்றைப் பார்த்தான். பொட்டு. நெற்றியில் வெள்ளையாய் ஒரு திட்டு. மற்றக் கன்றுகளைவிட ஒரு மாதம் பிந்திப் பிறந்தவள். தோள் எலும்பு துருத்திக்கொண்டிருந்தது.

"இன்னும் எத்தனை நாள் தாங்குவாள்?"

"அதை என் வாயால் சொல்லச் சொல்கிறாயா அண்ணே?"

கம்பளன் ஒரு பாறையிடம் போய் நக்கிப் பார்த்தான். நாக்கு குளிர்ந்ததுதான் மிச்சம்.

"என்னையா நக்குகிறாய்?" என்று பனிக்கட்டிக்கு உள்ளிருந்து ஒரு மெல்லிய குரல் கேட்டது. கல்பாசி. "நான் உள்ளே இருக்கிறேனப்பா! வெளியே வர வழியில்லை."

"உனக்குப் பயமாக இல்லையா?"

"எனக்கு வயது நானூறு. நூறு வருடத்துக்கு ஒரு விரல் அகலம் வளர்கிறேன். இதெல்லாம் பார்த்தாயிற்று. எனக்குக் கால் இல்லை பார், அதனால் எங்கே இருக்கிறேன் என்பது எப்போதும் தெரியும். உங்களுக்குத்தான் கால் இருக்கிறது. அதனால் மறந்துவிடுகிறீர்கள்."

"எதை?"

ஆனால் கல்பாசிக்கு ஒரு நாளைக்கு அவ்வளவுதான் பேச்சு. அது வாயை மூடிக்கொண்டது.

அப்போதுதான் வெண்வாலன் என்கிற பனிநரி வந்து சேர்ந்தான். அவனுக்கும் அந்த வருடம் பஞ்சம். அவன் தின்னும் லெம்மிங் எலிகளும் அதே கண்ணாடிக்கு அடியில் வளைக்குள் பத்திரமாக இருந்தன. வயிறு ஒட்டி, வால் மட்டும் பெரிதாகத் தெரிந்தது.

"வணக்கம், எருதுப் பெருமக்களே! ஏன் இப்படிப் பட்டினி? ஏரிக்கு அந்தக் கரையில் ஒரு மேடு இருக்கிறதே, போகவில்லையா? காற்று அங்கே பனியை நிற்கவே விடுவதில்லை. மழை தேங்கவில்லை. வில்லோவும் பாசியும் கொட்டிக் கிடக்கின்றன!"

"ஏரியைச் சுற்றிப் போக மூன்று நாள் ஆகும்" என்றான் திமிலன்.

"எதற்குச் சுற்ற வேண்டும்? நேராகப் போங்கள். ஏரி உறைந்து இருபது நாளாயிற்றே! நானே இப்போது அதன் மேல்தான் ஓடி வந்தேன். பாருங்கள்!" வெண்வாலன் ஏரிமேல் ஓடினான். ஒரு குட்டிக்கரணம் அடித்தான். திரும்பி வந்து மூச்சு வாங்கினான். "சின்னக் கீறல்கூட இல்லை!"

கம்பளன் முன்னே வந்தான். "தம்பி, உன் எடை என்ன? என் கொம்பு ஒன்றின் கனம் இருப்பாயா நீ?"

"பெரியவரே, எடையைப் பற்றி என்ன? பனிக்கட்டி பனிக்கட்டிதானே!"

"இரண்டு நாள் மழை பெய்திருக்கிறது. அந்த ஈரம் ஏரிக்குள்ளும் இறங்கியிருக்கும். கீழே..."

"ஆரம்பித்துவிட்டான்!" என்று ஒரு கிழட்டு எருது தலையை ஆட்டியது. "கீழேயாம், கீழே! மேலே வயிறு காய்கிறது, அதைப் பாரப்பா!"

எல்லோரும் சிரித்தார்கள். பசியிலும் சிரித்தார்கள். கம்பளன் பொட்டைப் பார்த்தான். மூன்று நாள் சுற்றி நடக்க அவளால் முடியாது. இங்கேயே நிற்கவும் முடியாது.

திமிலன் முட்டாள் இல்லை. கரையோரப் பனிக்கட்டியைக் குளம்பால் ஓங்கி மிதித்துப் பார்த்தான். தாங்கியது. "ஒருவர் பின் ஒருவராக வாருங்கள். நடுவே நாலு உடம்பு இடைவெளி விடுங்கள். ஓட வேண்டாம்" என்று சொல்லிவிட்டு, தானே முதலில் இறங்கினான்.

வெண்வாலன் குதூகலமாய் முன்னால் ஓடி அக்கரையில் போய் உட்கார்ந்தான்.

அந்த நாட்களில் சூரியன் தெற்கே எட்டிப் பார்த்து, முகத்தைக் காட்டிவிட்டு, உடனே உள்ளே போய்விடும். அந்தக் கொஞ்ச வெளிச்சத்தில் பதினான்கு பேரும் ஏரியில் நடந்தார்கள். கரையோரம் வெள்ளையாய் இருந்த பனிக்கட்டி, போகப் போகச் சாம்பல் நிறமானது. நடு ஏரியில் கறுத்தது. கம்பளன் ஒவ்வோர் அடியாக எண்ணி வைத்தான். அடியில் எங்கோ 'ஊம்ம்ம்' என்று ஒரு நீண்ட ஓசை கேட்டது. யாரோ பெருமூச்சு விடுவது போல.

"மாமா, ஏரி பேசுகிறதா?" என்றாள் பொட்டு.

"நீ நட, கண்ணு. பேசாமல் நட."

சரியாகப் பாதி தூரம். அப்போது அக்கரையிலிருந்து அலறல் வந்தது.

"ஓநாய்! ஓநாய்! ஐயோ, எருதுகளே, ஏழு ஓநாய்!"

"வட்டம்!" என்று கத்தினான் திமிலன்.

யோசிப்பதற்கு முன்பே கால்கள் போய் நின்றன. நாலு உடம்பு இடைவெளி நொடியில் மறைந்தது. பின்பக்கம் பின்பக்கத்தோடு ஒட்டியது. கொம்புகள் வெளியே நீண்டன. பொட்டும் இன்னும் இரண்டு கன்றுகளும் நடுவே. கம்பளனும் தன் இடத்தில்தான் நின்றான். அவனுக்கு வலப்பக்கம் சடைச்சி. இடப்பக்கம் திமிலன். நேர் எதிரே அக்கரை.

அடியில் 'ஊம்ம்ம்' என்றிருந்த ஓசை இப்போது 'டிங்ங்' என்று மாறியது.

கம்பளன் மூக்கை நீட்டி மோப்பம் பிடித்தான். காற்று முதுகுப் பக்கமிருந்து அடித்தது. எதிர்க்கரையில் ஓநாய் இருந்தாலும் வாசனை வராது. இல்லாவிட்டாலும் தெரியாது.

"மாமா" என்றாள் பொட்டு பின்னாலிருந்து. "என் கால் ஈரமாகிறது."

"அசையாதே!" என்றான் திமிலன். "நடுவில் நிற்கிற கன்று அசையவே கூடாது. மறந்துவிட்டதா?"

"இல்லை, தாத்தா. அசையவில்லை."

கம்பளன் குனிந்தான். தன் குளம்பைச் சுற்றி ஒரு விரற்கடை தண்ணீர் நின்றது. அந்தத் தண்ணீருக்கு அடியில் மெல்லிய வெள்ளைக் கோடுகள் ஓடின. வில்லோ இலையின் நரம்பு மாதிரி ஒன்றிலிருந்து இன்னொன்று கிளைத்து ஓடின.

கீழே.

"தலைவரே, பனிக்கட்டி விரிகிறது. நாம் எல்லோரும் ஒரே இடத்தில் நிற்கிறோம்."

"வட்டம் என்றால் ஒரே இடத்தில்தான் நிற்பார்கள்!"

"மண்ணில் சரி. இது..."

"எங்கே நின்றால் என்ன? ஓநாய்க்கு மண்ணும் பனியும் ஒன்றுதான்! வட்டம் கலைந்தால் முதலில் போவது யார் தெரியுமா? உன் தங்கை மகள்! அசைகிறவனை நானே கொம்பால் குத்துவேன்!"

அதுவும் உண்மைதான். வட்டம் கலைந்தால் ஓநாய் தேடுவது மெலிந்த கன்றைத்தான். பொட்டைவிட மெலிந்தவள் அங்கே யார்? நின்றால் தண்ணீர். கலைந்தால் ஓநாய். ஓநாய் இருந்தால்! இரண்டு பக்கமும் சாவு நிற்க, எந்தப் பக்கம் பொய் என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

அவன் அக்கரையைப் பார்த்துக் குரல் கொடுத்தான். "வெண்வாலா! எத்தனை ஓநாய்?"

"ஏழு!"

"எங்கே?"

"இதோ, இந்தப் பாறைக்குப் பின்னால்! அசையாதீர்கள்! உங்கள் வட்டம்தான் உங்களுக்குக் காவல்!"

"பாறை உனக்குப் பின்னால்தானே இருக்கிறது?"

"ஆமாம்! இல்லை, கொஞ்சம் தள்ளி!"

"அப்படியென்றால் நீ ஏன் இன்னும் ஓடவில்லை?"

வெண்வாலன் ஒரு கணம் விழித்தான். "உங்கள் மேல் உள்ள அன்பு, பெரியவரே! உங்களை விட்டுவிட்டு ஓட மனம் வருமா?"

கம்பளன் அவனையே பார்த்தான். நரி வாலைச் சுருட்டிக் காலுக்கு மேல் போர்த்திக்கொண்டு வசதியாக உட்கார்ந்திருந்தது. காது பின்னால் திரும்பவில்லை. ஒரு தடவை நாக்கால் மூக்கை நக்கிக்கொண்டது. வானத்தில் ஒரு காகம்கூட இல்லை. ஓநாய் போகிற இடமெல்லாம் மிச்சம் மீதிக்காகக் காகம் கூடவே பறக்குமே!

இது சாட்சி ஆகுமா? ஆகாமலும் போகலாம். காகம் இன்றைக்குப் பிந்தி வரலாம். நரி பயத்தில் உறைந்திருக்கலாம். உறுதியாகத் தெரிந்தது ஒன்றே ஒன்று. காலடியில் இருந்த தண்ணீர் இப்போது இரண்டு விரற்கடை.

கம்பளன் வட்டத்தை விட்டு வெளியே கால் வைத்தான்.

"கம்பளா!" திமிலனின் குரல் இடித்தது. "உன் இடத்துக்கு வா!"

"எல்லோரும் கீழே பாருங்கள்! ஓநாயை அப்புறம் பார்க்கலாம், காலுக்குக் கீழே பாருங்கள்! கலையுங்கள்! ஒருவரை ஒருவர் ஒட்டாமல் தனித்தனியே நடங்கள்!"

அவர்கள் குனிந்து பார்த்தார்கள். அவ்வளவுதான் வேண்டியிருந்தது. சடைச்சிதான் முதலில் அலறினாள். ஒருவர் பின் ஒருவராக, பத்துத் திசைக்கும் பிரிந்தார்கள். பளுவிலிருந்து விடுபட்ட பனிக்கட்டி 'படார் படார்' என்று சத்தம் போட்டது.

"பொட்டு! வா! என் பின்னால் வா!" என்று திரும்பிக் கத்தினாள் சடைச்சி.

பொட்டு வரவில்லை. மற்ற இரண்டு கன்றுகளும் தாய்களின் பின்னால் ஓடிவிட்டன. அவள் மட்டும் நடுவிலேயே நின்றாள். "தாத்தா அசையக் கூடாது என்றாரே!"

அவளைச் சுற்றி வெள்ளைக் கோடுகள் ஒன்றோடொன்று சேர்ந்துகொண்டிருந்தன.

வெகுதூரம் விலகிப் போயிருந்த கம்பளன் திரும்பி அவளை நோக்கி ஓரடி வைத்தான். உடனே காலடி சரிந்தது. அவன் கனத்தோடு அங்கே போனால் இருவரும் போவார்கள். அவன் நின்ற இடத்திலேயே துடித்தான்.

அவளருகே இன்னும் ஒருவன் இருந்தான். திமிலன். தன் இடத்தை விட்டு ஓரங்குலமும் நகராத திமிலன். அவன் கண் அக்கரையை விட்டு அப்போதுதான் கீழே இறங்கியது. பார்த்தான். புரிந்தது.

"குட்டி" என்றான், யாரும் அவனிடம் கேட்டிராத மெல்லிய குரலில். "இப்போது அசையலாம். காலை மடக்கிப் படுத்துக்கொள்."

பொட்டு படுத்தாள். திமிலன் நெற்றியை அவள் விலாவில் கொடுத்து ஒரே ஒரு தள்ளு தள்ளினான். அவள் வழுக்கிக்கொண்டு, சுழன்றுகொண்டு, ஈரப் பனிக்கட்டியின் மேல் நெடுந்தூரம் போய்க் கம்பளனின் முன்காலில் மோதி நின்றாள்.

அந்தத் தள்ளில் ஊன்றிய பின்னங்கால்களுக்கு அடியில் ஏரி திறந்தது. கொம்பு ஒரு தரம் விளிம்பைப் பற்றியது. விளிம்பு உடைந்தது. பிறகு கறுப்புத் தண்ணீர். அதன் மேல் மெல்ல எழும் ஆவி.

பதின்மூன்று பேர் கரையேறினார்கள். வெண்வாலன் அதற்குள் எடுத்தான் ஓட்டம். பாறைக்குப் பின்னால் போய்ப் பார்த்தார்கள். ஓநாய் இல்லை. ஓநாயின் கால்தடம்கூட இல்லை. பனிமேல் இருந்தது ஒரு நரியின் தடம் மட்டும்.

மேடு பற்றிச் சொன்னது மட்டும் பொய்யில்லை. காற்று வழித்துவிட்டிருந்த தரையில் வில்லோ அடர்ந்து கிடந்தது.

"மெதுவாகக் கடியுங்கள்" என்றது ஒரு வில்லோ. "இந்தக் கிளைக்கு அறுபது வயது. நுனியை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், அடியை விடுங்கள். அடுத்த கோடைக்கும் நான் வேண்டுமே!"

நுனியை மட்டும் தின்றார்கள். கடைசியில் அந்தக் கிழட்டு எருதுதான் வாயைத் திறந்தது. "வட்டத்தை விட்டவன் ஒருவன். உயிரை விட்டவன் இன்னொருவன். நரைமூக்கி சொன்னது பாதி பலித்துவிட்டது."

கம்பளனுக்கு அது கொம்பால் குத்தியது போல இருந்தது. சடைச்சி பேசினாள்.

"அண்ணன் வட்டத்தை விடாமல் இருந்தால் எல்லோரும் உயிரை விட்டிருப்போம், பெரியப்பா. நீங்களும்தான் ஏரிக்குள்ளே இருந்திருப்பீர்கள்."

கிழட்டு எருது பிறகு வாயைத் தின்பதற்கு மட்டும் திறந்தது.

வெண்வாலன் மறுநாள் ஏரிக்குத் திரும்பினான். திறந்த வாய் ஒரே நாளில் மூடி உறைந்திருந்தது. ஓட்டை இருந்த இடத்தில் நின்று கீழே பார்த்தான். ஒரு குளிர்காலம் முழுக்கத் தின்னக்கூடிய இறைச்சி பளிங்குக்குள் தெரிந்தது. சுரண்டினான். நகம் தேய்ந்தது. பல்லால் கடித்தான். ஒரு பல் போயிற்று. பதினான்கு எருதுக்கு ஆசைப்பட்டவனுக்கு ஒரு எருதை மேலிருந்து பார்க்கும் பாக்கியம் கிடைத்தது.

பத்து நாள் போயிற்று. சடைச்சிக்குப் பால் ஊறியது. பொட்டின் தோள் எலும்பு உள்ளே போகத் தொடங்கியது. புதுத் தலைவன் யார் என்று ஒருவரும் பேசவில்லை. ஆனால் எங்கே மேய்வது, எப்போது படுப்பது என்றால் எல்லோரும் கம்பளன் முகத்தைப் பார்த்தார்கள். அவனுக்கு அது பிடிக்கவில்லை. கவலை இரண்டு மடங்காயிற்று.

பதினோராம் நாள் காகங்கள் வந்தன.

கம்பளன் தலையைத் தூக்கினான். இந்தத் தடவை காற்று எதிர்ப்பக்கமிருந்து அடித்தது. அதில் வாசனை இருந்தது. மேட்டின் விளிம்பில் ஒரு சாம்பல் நிறக் காது முளைத்தது. பிறகு இன்னொன்று. ஐந்து ஓநாய்கள். நிஜ ஓநாய்கள். அவசரப்படாமல், பக்கவாட்டில் பரவியபடி வந்தன.

ஒருவரும் ஒருவர் பக்கத்தில் போகவில்லை. ஏரியின் 'டிங்ங்' ஓசை அவர்கள் காதை விட்டு இன்னும் போகவில்லை.

"வட்டம் வேண்டாம்!" என்றது கிழட்டு எருது. "இன்னொரு தரம் என்னால் ஆகாது!"

"அண்ணே, ஓடிவிடலாமா?" என்றாள் சடைச்சி. பொட்டைத் தன் வயிற்றோடு அணைத்துக்கொண்டிருந்தாள். "வட்டத்தால்தானே அன்றைக்குச் சாகப் பார்த்தோம்?"

தூரத்துப் பாறை ஒன்றின் மேலிருந்து ஒரு பழகிய குரல் வந்தது. ஒரு பல் போனதால் சொற்கள் கொஞ்சம் குழறின.

"ஓடுங்கள், எருதுப் பெருமக்களே! வட்டம் போட்டால் என்ன ஆகும் என்று பார்த்தீர்கள் அல்லவா? உங்கள் தலைவனைக் கொன்றதே அந்த வட்டம்தான்! ஓடிப் பிழையுங்கள்! கீழே மாமா, நீங்கள்தானே கலையச் சொன்னீர்கள்? இப்போதும் சொல்லுங்கள்!"

இரண்டு பசுக்கள் ஓடத் திரும்பிவிட்டன. ஓநாய்கள் அதைப் பார்த்து நடையை ஓட்டமாக்கின.

"மாமா" என்றாள் பொட்டு. "நான் அசையட்டுமா, நிற்கட்டுமா?"

நேற்றுக் காத்தது இன்று கொல்லும், நேற்றுக் கொன்றது இன்று காக்கும். எந்த வழக்கமானாலும் தான் நிற்கும் தரையைப் பார்த்துவிட்டுச் செய்கிறவனே பிழைப்பான்.

கம்பளன் குனிந்து கீழே பார்த்தான். மண். மண்ணில் வில்லோவின் வேர். பக்கத்துப் பாறையில் உள்ளங்கை அகலத்துக்குக் கல்பாசி. குளம்பை ஒரு தரம் ஓங்கி மிதித்துப் பார்த்தான்.

நிமிர்ந்து, "வட்டம்!" என்றான்.